கணியம் யார் கையில்?

தொழில்நுட்பம் மனிதனை அவனிடமிருந்தே பிரிக்கிறது என்ற குற்றச்சாட்டை இன்று எல்லா மேடைகளிலும் கேட்கிறோம். கைபேசி வந்தபின் வீட்டில் பேச்சு குறைந்தது, இயந்திரம் வந்தபின் கைவேலை போனது, செயற்கை நுண்ணறிவு வந்தபின் சிந்திக்கும் வேலையும் போய்விடும் என்கிறார்கள். இதில் உண்மை இருக்கிறது. ஆனால் இவ்வளவு பொதுவாகச் சொல்லிக்கொண்டிருக்கும்வரை அது எந்த அளவு உண்மை என்று சோதித்துப் பார்க்க முடியாது. ஓர் ஊரை, ஒரு தொழிலை, ஒரு கருவியை எடுத்துக்கொள்ள வேண்டும். அந்தக் கருவி வருமுன் அங்குள்ளவர்கள் தங்களை யாராக அறிந்திருந்தார்கள், வந்தபின் எதைப் பெற்றார்கள், எதை இழந்தார்கள் என்று கேட்க வேண்டும். அப்படிக் கேட்பதற்குக் கன்னியாகுமரி மாவட்டக் கடற்கரையைப் போல் பொருத்தமான இடம் அரிது. சுமார் 70 கிலோமீட்டர் நீளத்தில் நாற்பதுக்கும் மேற்பட்ட மீனவ ஊர்கள் நெருங்கிக் கிடக்கும் இக்கரையில், ஒரே தலைமுறையின் ஆயுளுக்குள் கட்டுமரமும் பாயும் துடுப்பும் பின்னுக்குப் போய், ஒட்டுப்பலகை வள்ளம், பைபர் வள்ளம், வெளிப்பொருத்து எஞ்சின், விசைப்படகு, வயர்லெஸ், எக்கோ சவுண்டர், ஜிபிஎஸ் எல்லாம் வந்து சேர்ந்தன.

அந்நியமாதல் என்ற கருத்துக்குத் தெளிவான வடிவம் கொடுத்தவர் கார்ல் மார்க்ஸ். 1844ஆம் ஆண்டுக் கையெழுத்துப்படிகளில் அவர் பேசுவது தனிமையுணர்வைப் பற்றி அன்று. உழைப்பவர் தாம் செய்த பொருளிலிருந்தும், செய்யும் செயலிலிருந்தும், சக மனிதரிடமிருந்தும், மனிதர் என்ற தம் இயல்பிலிருந்தும் பிரிக்கப்படுவதையே அவர் அந்நியமாதல் என்றார். அவர் கண்முன் இருந்தது ஆலைத் தொழிலாளி. நம் காலத்தில் இந்தப் பட்டியலில் இன்னொன்றையும் சேர்க்க வேண்டியிருக்கிறது: ஒருவர் தம் அறிவிலிருந்து பிரிக்கப்படுதல். பொருளைச் சந்தை கொண்டுபோகும். உடலுழைப்பை எஞ்சின் எடுத்துக்கொள்ளும். ஆனால் எங்கே இருக்கிறோம், எங்கே போக வேண்டும், எப்போது திரும்ப வேண்டும் என்ற தீர்மானமும் கைமாறும்போது என்ன ஆகிறது? கடலோடிக்கு இந்தத் தீர்மானமே தொழிலின் உயிர். ஆகவே அந்த அறிவு எப்படி இருந்தது என்பதிலிருந்து தொடங்குவோம்.

கரை தெரியும் தொலைவில் தொழில் செய்தவர்கள் தங்கள் இடத்தைக் கணியம் பார்த்து அறிந்தார்கள். முறை எளியது. கரையோரத்தில் ஓர் அடையாளம்: தேவாலயக் கோபுரம், கலங்கரை விளக்கம், தனித்து நிற்கும் பனை. அதற்குப் பின்னால் உள்நாட்டில் இன்னோர் அடையாளம்: மருந்துவாழ் மலையின் உச்சி, வேளிமலையின் ஒரு மடிப்பு. முன்னடையாளமும் பின்னடையாளமும் ஒன்றின்மேல் ஒன்றாகத் தெரிந்தால், வள்ளம் அவ்விரண்டையும் சேர்க்கும் நேர்கோட்டில் இருக்கிறது என்று பொருள். வேறொரு திசையில் இதேபோல் இன்னொரு சோடி பொருந்தினால் இரண்டாவது கோடு கிடைக்கும். இரண்டு கோடுகள் வெட்டிக்கொள்வது ஒரே புள்ளியில்தான். அந்தப் புள்ளிக்குக் கீழே மீன் கூடும் பார் இருக்கும். கடலடிப் பாறைத்திட்டான ஒவ்வொரு பாருக்கும் ஒரு பெயரும் ஒரு கணியமும் உண்டு. எந்தக் காற்றுக்கு, எந்த நீரோட்டத்துக்கு, எந்த மாதத்தில் அங்கே எந்த மீன் நிற்கும் என்ற கணக்கும் அதனோடு சேர்ந்திருக்கும். மலை மறையும் தொலைவுக்குப் போனால் விண்மீன்கள், அலையின் போக்கு, நீரின் நிறம், ஈயம் கட்டிய கயிற்றில் ஒட்டிவரும் அடிமண் ஆகியவை துணை.

இதைப் படிப்பறிவில்லாதவர்களின் குத்துமதிப்பு என்று நினைப்பவர்கள் ஒரு சிறிய கணக்கைப் போட்டுப் பார்க்கலாம். வள்ளத்திலிருந்து கோபுரம் 10 கிலோமீட்டர் தொலைவிலும் மலை 25 கிலோமீட்டர் தொலைவிலும் இருப்பதாகக் கொள்வோம். வள்ளம் பக்கவாட்டில் நகர்ந்தால் இரண்டு அடையாளங்களும் வெவ்வேறு அளவில் இடம்பெயர்ந்து, ஒன்றைவிட்டு ஒன்று விலகித் தெரியும். வானியலில் அருகிலுள்ள விண்மீனின் தொலைவை அளக்கப் பயன்படும் இடமாறு தோற்றம் என்ற அதே விளைவுதான் இது. நல்ல பார்வையுள்ள மனிதக் கண் ஏறக்குறைய ஒரு பாகையின் அறுபதில் ஒரு பங்கு விலகலைப் பிரித்தறியும். மேற்சொன்ன தொலைவுகளில் அந்த விலகல் உண்டாவதற்கு வள்ளம் நகர வேண்டியது வெறும் 5 மீட்டர். கடலின் ஆட்டம், வெயில் மூட்டம், கோபுரத்தின் அகலம் ஆகியவை இந்தத் துல்லியத்தைப் பல மடங்கு குறைக்கும் என்றாலும், சில பத்து மீட்டருக்குள் ஒரு பாரைத் திரும்பத் திரும்பக் கண்டடைய இது போதும். கருவி என்று கையில் எதுவும் இல்லை. கண், நினைவு, நிலப்பரப்பு ஆகிய மூன்றுமே கருவி.

ஜிபிஎஸ் செய்வதும் வடிவியல்தான். சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் செயற்கைக்கோள்கள் அணுக்கடிகார நேரத்தைச் சமிக்ஞையாக அனுப்புகின்றன. சமிக்ஞை வந்துசேர எடுத்த நேரத்திலிருந்து ஒவ்வொரு கோளும் எவ்வளவு தொலைவில் இருக்கிறது என்று படகிலுள்ள கருவி கணக்கிடுகிறது. நான்கு கோள்களின் தொலைவு தெரிந்தால் இடமும் நேரமும் கிடைத்துவிடும். ஒளி ஒரு மைக்ரோவினாடியில் 300 மீட்டர் செல்வதால், கடிகாரத்தில் நேரும் மிகச் சிறிய பிழையும் கடலில் பெரிய பிழையாகிவிடும். ஐன்ஸ்டைனின் சார்பியல் விளைவுகளால் மட்டுமே அந்தக் கடிகாரங்கள் தரையிலுள்ளவற்றைவிட நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோவினாடி முந்துகின்றன. அதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் 10 கிலோமீட்டருக்கும் மேல் இடம் தவறும். மனித அறிவின் மாபெரும் சாதனைகளில் ஒன்று, உள்ளங்கை அளவுப் பெட்டியாக வள்ளத்துக்குள் வந்திருக்கிறது. அதைக் குறைத்துப் பேச யாருக்கும் உரிமையில்லை.

ஆனால் துல்லியம்தான் கணியத்தைத் தோற்கடித்தது என்ற பொதுவான நம்பிக்கை சரியன்று. 2000ஆம் ஆண்டு மே மாதத் தொடக்கம்வரை அமெரிக்கப் பாதுகாப்புத் துறை பொதுமக்களுக்கான ஜிபிஎஸ் சமிக்ஞையில் வேண்டுமென்றே பிழையைக் கலந்து வைத்திருந்தது. அதன்படி கிடைத்த இடம் 100 மீட்டர்வரை தவறக்கூடும். அதாவது அந்த நாள்வரை, தெளிந்த பகல் வேளையில், கரை தெரியும் தொலைவில், குளச்சலிலோ முட்டத்திலோ உள்ள அனுபவமிக்க ஒரு கடலோடியின் கண் அந்தப் பெட்டியைவிடத் துல்லியமாக இருந்திருக்க முடியும். ஜிபிஎஸ்ஸின் வெற்றிக்குக் காரணங்கள் வேறு. இரவிலும் மழை மூட்டத்திலும் அது வேலை செய்கிறது. மலை மறைந்த பிறகும் வேலை செய்கிறது. நீரோடி முதல் இரையுமன்துறை வரையுள்ள தூத்தூர் வட்டாரத்து எட்டு ஊர்களின் ஆழ்கடல் மீனவர்களுக்கு இது உயிர்ப் பிரச்சினை. சுறாவும் சூரையும் தேடி அவர்கள் வாரக்கணக்கில், சில சமயம் ஒரு மாதத்துக்கும் மேலாக, லட்சத்தீவுக்கு அப்பாலும் குஜராத் கடல்வரையும் போய் ஆயிரங்கால் தூண்டில் போடுகிறார்கள். அந்தத் தொலைவில் எந்த மலையும் துணைக்கு வராது. நாட்டெல்லை தவறினால் சிறை, படகு பறிமுதல். அவர்களுக்கு ஜிபிஎஸ் வேண்டும்; அதை வேண்டாம் என்று சொல்லும் எந்த வாதமும் கரையில் உட்கார்ந்துகொண்டு செய்யும் வாதம்.

வெற்றிக்கு இன்னொரு காரணமும் உண்டு. இந்தக் கட்டுரையின் வாதம் அதிலிருந்துதான் தொடங்குகிறது. ஜிபிஎஸ் பதிவு நகலெடுக்கக்கூடியது. ஒரு பாரின் கணியத்தைக் கற்க ஓர் இளைஞன் மூத்தவரோடு பல பருவங்கள் கடலுக்குப் போக வேண்டியிருந்தது. மலையை எந்த இடத்தில் பார்க்க வேண்டும் என்பதை அவர் சொல்லிக்கொடுத்தால்தான் தெரியும். சொல்லிக்கொடுப்பதற்கு நம்பிக்கை வேண்டும். அந்த நம்பிக்கையைச் சம்பாதிப்பதே கடலோடியாக வளர்வதன் பெரும்பகுதி. முதுமையில் துடுப்புப் போட முடியாதவருக்கும் ஊரில் மதிப்பு இருந்ததற்கு, அவர் தலைக்குள் இருந்த கடல் ஒரு காரணம். அதே பார் இன்று ஓர் அட்சரேகை, ஒரு தீர்க்கரேகை. அந்த இரண்டு எண்களை ஒரு பெட்டியிலிருந்து இன்னொரு பெட்டிக்கு மாற்றச் சில வினாடிகள் போதும். மாற்றுபவருக்குக் கடல் தெரிந்திருக்க வேண்டியதில்லை. இதனால் சில நன்மைகளும் விளைந்தன: அறிவு சில குடும்பங்களின் இரகசியமாக இருந்த நிலை தளர்ந்தது, இளையவர்கள் விரைவில் சுயமாகத் தொழில் செய்ய முடிந்தது. ஆனால் அறிவு ஆளைவிட்டுப் பெட்டிக்குக் குடிபெயர்ந்தபோது, அறிந்தவர் என்ற நிலையும் ஆளைவிட்டு நீங்கியது. படகில் இருப்பவர் கடலை அறிந்தவர் என்ற இடத்திலிருந்து கருவியை இயக்குபவர் என்ற இடத்துக்கு நகர்கிறார். அடையாளத்தில் ஏற்படும் மாற்றம் இதுதான். அது கருவி வந்த அன்றே கண்ணுக்குத் தெரிவதில்லை.

எல்லாக் கருவியும் இதைச் செய்யும் என்று எண்ணிவிடக் கூடாது. 1970களில் கட்டுமரத்துக்கு ஏற்ற இலகுவான மரத்தடிகள் கிடைப்பது அரிதாகி விலை ஏறியபோது, கோட்டாறு சமூக சேவை சங்கத்தின் முயற்சியில் முட்டத்தில் படகு கட்டும் மையம் இயங்கியது. பெல்ஜியம் நாட்டவரான பியர் கில்லே அந்த அனுபவத்தை 1985இல் வெளிவந்த நூலில் விரிவாக எழுதியிருக்கிறார். ஒட்டுப்பலகைப் படகின் வடிவம் ஒரே நாளில் வரைபலகையிலிருந்து இறங்கி வரவில்லை. அலை உடையும் கரையில் அதை இறக்கி ஏற்றிப் பார்த்தார்கள், குறை சொன்னார்கள், மாற்றினார்கள், பல மாதிரிகள் தோற்றன. அப்படிப் பயனாளியின் குறைசொல் புகுந்து வளர்ந்த கருவி அவருக்கு அந்நியமாவதில்லை. ஊர்த் தச்சரும் அதைக் கட்டக் கற்றுக்கொண்டார். இதற்கு நேர்மாறானது வலை பின்னும் இயந்திரம். இந்தக் கடற்கரையில் வலை பின்னுவது பெண்களின் கைத்திறன். குடும்பத்துக்கு நிலையான சிறு வருமானம். நைலான் நூலை இயந்திரமே பின்னத் தொடங்கியபோது அந்தத் திறன் தனக்கு வாரிசு இல்லாமல் நின்றுபோனது. இப்பகுதி மீனவப் பெண்களை ஆராய்ந்து 1991இல் 'முக்குவப் பெண்கள்' என்ற ஆங்கில நூலை எழுதிய மானுடவியலாளர் கல்பனா ராம், புதிய தொழில்முறை பெண்ணின் உழைப்பையும் இடத்தையும் எப்படி மாற்றியது என்பதை ஆராய்ந்தார். படகும் வலையும் ஒரே காலத்தில், ஒரே கரைக்கு வந்த தொழில்நுட்பங்கள். ஒன்று அங்கிருந்தவர்களின் கைக்குள் வந்தது. மற்றொன்று அவர்களின் கையைத் தாண்டிப் போனது.

மூளையைப் பற்றிய ஆய்வுகள் இங்கே என்ன சொல்கின்றன? நாம் இருக்கும் இடத்துக்கேற்பத் தூண்டப்படும் நரம்புச் செல்கள் மூளையின் ஹிப்போகேம்பஸ் பகுதியில் இருப்பதை ஜான் ஓ'கீஃப் 1971இல் கண்டறிந்தார். பரப்பைக் கட்டம் கட்டமாக அளக்கும் செல்களை 2005இல் மே-பிரிட் மோசரும் எட்வர்ட் மோசரும் அறிவித்தார்கள். மூவரும் 2014இல் நோபல் பரிசு பெற்றார்கள். லண்டன் நகரத்தின் ஆயிரக்கணக்கான தெருக்களை மனப்பாடம் செய்யும் டாக்சி ஓட்டுநர்களின் ஹிப்போகேம்பஸின் பின்பகுதி மற்றவர்களுடையதைவிடப் பெரிதாக இருப்பதை எலினோர் மகுவாயர் குழு 2000இல் காட்டியது. வழி தேடுதல் பழக்கத்தால் வளரும் திறன் என்பதற்கு இது வலுவான சான்று. 2020இல் லூயிசா தஹ்மானி, வெரோனிக் போபோ ஆகியோர் வெளியிட்ட ஆய்வில், ஜிபிஎஸ்ஸை அதிகம் பயன்படுத்திய ஓட்டுநர்கள் அது இல்லாமல் வழி காண வேண்டியபோது இட நினைவில் பின்தங்கினார்கள். ஆய்வு சிறியது, 50 பேரை மட்டுமே கொண்டது. மூன்றாண்டுகளுக்குப் பின் மீண்டும் சோதிக்கப்பட்டவர்கள் அவர்களில் 13 பேர்தான். ஆகவே ஜிபிஎஸ் மூளையைச் சுருக்குகிறது என்று கூவுவதற்கு இது ஆதாரமாகாது. கையாளாத திறன் தேய்கிறது என்ற அடக்கமான முடிவுக்கு ஆதாரமாகும்.

அந்த அடக்கமான முடிவையும் தனிமனிதரின் மூளையோடு நிறுத்திக்கொள்ளக் கூடாது. கனடாவின் வடகோடியில் இக்லூலிக் பகுதி இனூயிட் வேட்டைக்காரர்களிடையே ஜிபிஎஸ் பரவியதைக் கிளாடியோ அபோர்தாவும் எரிக் ஹிக்ஸும் 2005இல் ஆராய்ந்து எழுதினார்கள். காற்று குவிக்கும் பனிமேடுகளின் சாய்வைப் பார்த்தே திசை அறிந்த மக்கள் அவர்கள். மூடுபனியில் ஜிபிஎஸ் உயிர் காப்பதை மூத்தவர்களும் ஒப்புக்கொண்டார்கள். ஆனால் பழைய வழியறிவு என்பது ஊர்ப்பெயர், கதை, பனியைப் பற்றிய பேச்சு, கூடப் பயணம் செய்தல் ஆகியவற்றோடு பின்னிக் கிடந்தது. கருவி கொடுத்த பதிலில் இவற்றில் எதற்கும் தேவை இல்லாமல் போயிற்று. உறைபனிக்கும் குமரிக் கடலுக்கும் எந்த ஒற்றுமையும் இல்லை. நடந்தது மட்டும் ஒன்றே. அதிலிருந்து ஒரு சோதனையை வகுக்கலாம். ஒரு கருவி நம்மை அந்நியப்படுத்துகிறதா என்று அறிய மூன்று கேள்விகள் போதும். அது தரும் விடை எப்படி வந்தது என்று பயன்படுத்துபவர் ஓரளவாவது அறிய முடிகிறதா? அந்த விடை சரியா என்று தம் அறிவால் ஒத்துப்பார்க்க முடிகிறதா? தமக்குத் தெரிந்ததை அந்தக் கருவிக்கோ அதை நடத்துபவருக்கோ திருப்பிச் சொல்ல வழி இருக்கிறதா? மூன்றுக்கும் ஆம் என்றால் அது எவ்வளவு நவீனமானதாக இருந்தாலும் நம் கருவி. மூன்றுக்கும் இல்லை என்றால் அது எவ்வளவு பயன் தந்தாலும் நாம் அதன் வாடிக்கையாளர் மட்டுமே.

இதற்கு எழும் முதல் மறுப்பு பழமையானது. எழுத்து வந்தால் நினைவாற்றல் அழியும் என்று பிளேட்டோவின் உரையாடலில் சாக்ரடீஸ் வருந்துகிறார். அந்த வருத்தம் நமக்கு எழுத்தில்தான் வந்துசேர்ந்திருக்கிறது. அச்சுக்கும் கணிப்பானுக்கும் இதே எச்சரிக்கை சொல்லப்பட்டது, உலகம் முழுகிவிடவில்லை. இது நியாயமான மறுப்பு. ஆனால் எழுத்தை மேற்சொன்ன மூன்று கேள்விகளிலும் நிறுத்திப் பாருங்கள். எழுதியதை எவரும் வாசிக்கலாம், வேறொரு நூலோடு ஒத்துப்பார்க்கலாம், மறுத்து எழுதலாம். கற்கும் வாய்ப்பு மறுக்கப்பட்டவர்களுக்கு எழுத்து மிகப்பெரிய அந்நியமாக இருந்தது என்பதையும் மறக்கக் கூடாது. நிலப்பத்திரத்தைப் படிக்கத் தெரியாமல் கைநாட்டு வைத்து நிலத்தை இழந்தவர்களுக்கு எழுத்து விடுதலையாக வரவில்லை. பள்ளிக்கூடம் வந்த பிறகே அது அவர்களுடையதாயிற்று. அப்படியானால் எழுத்தின் வரலாறு நம் வாதத்தைத் தகர்க்கவில்லை, உறுதிப்படுத்துகிறது. கருவி வந்தால் மட்டும் போதாது, அதைக் கேள்வி கேட்கும் கல்வியும் கூட வர வேண்டும்.

இரண்டாவது மறுப்பு கனமானது. ஒக்கி புயலில் மீனவர்கள் இறந்தது தொழில்நுட்பம் அதிகமானதாலா, குறைந்ததாலா? 2017 நவம்பர் 29 அன்று இலங்கைக்கு அருகே உருவான தாழ்வு மண்டலம் மிக வேகமாக வலுத்து, 30ஆம் தேதி காலை குமரி முனைக்கு அருகில் புயலாயிற்று. முதல் நாளே கரையோரம் தொழிலுக்குப் போயிருந்தவர்களையும், வாரங்களுக்கு முன் ஆழ்கடலுக்குப் போயிருந்தவர்களையும் எச்சரிக்கை எட்டவில்லை. படகிலுள்ள வயர்லெஸ் சில பத்து கடல் மைலைத் தாண்டாது. தமிழகத்திலும் கேரளத்திலுமாக நூற்றுக்கணக்கானோர் மாண்டார்கள், காணாமற்போனார்கள். விண்மீன் அறிவோ காற்றறிவோ அவர்களைக் காப்பாற்றியிருக்கும் என்று சொல்வது அவர்களின் குடும்பங்களுக்கு இழைக்கும் அநீதி. அங்கே தேவைப்பட்டது மேலும் நல்ல தொழில்நுட்பம். இதை முழுமையாக ஏற்கிறேன். ஆனால் ஒக்கி காட்டிய இன்னொன்றும் இருக்கிறது. புயலைப் பற்றிய அறிவு கரையிலுள்ள அலுவலகங்களிலும் வானிலுள்ள கோள்களிலும் இருந்தது. கடலைப் பற்றிய அறிவு மீனவரிடம் இருந்தது. இரண்டுக்கும் இடையே பாதை இல்லை. தேடுதல் பணியில் தங்களையும் சேர்த்துக்கொள்ள வேண்டும், எந்த நீரோட்டம் எங்கே இழுத்துச் சென்றிருக்கும் என்று தங்களுக்குத் தெரியும் என மீனவர்கள் மன்றாடினார்கள். டிசம்பர் 7ஆம் தேதி ஆயிரக்கணக்கானோர் குழித்துறை ரயில் நிலையத்தில் தண்டவாளத்தில் உட்கார்ந்தார்கள். அறிவுள்ளவர்களாக மதிக்கப்படாதவர்களின் கோபமும் அந்தத் துயரத்தோடு கலந்திருந்தது.

புயலுக்குப் பின் கருவிகள் வந்தன. கரையிலிருந்து தொலைவில் இருப்பவர்களுக்கு எச்சரிக்கையும் மீன்வள மண்டலத் தகவலும் அனுப்பும் 'ஜெமினி' கருவியை ஐதராபாத்தில் உள்ள இந்தியத் தேசியக் கடல்சார் தகவல் சேவை மையத்தோடு இணைந்து அரசு 2019 அக்டோபரில் அறிமுகப்படுத்தியது. அது பெறுவதற்கு மட்டுமே ஆன கருவி. ஆபத்து என்று படகிலிருந்து திருப்பிச் சொல்ல வழியில்லை. 2024 ஆகஸ்டில் தொடங்கிய, ஒரு லட்சம் மீன்பிடிப் படகுகளில் டிரான்ஸ்பாண்டர் பொருத்தும் திட்டம் இருவழித் தொடர்பைத் தருகிறது. ஒருவழியிலிருந்து இருவழிக்கு வந்தது பொறியியலில் ஒரு படி. மனித மதிப்பில் அதைவிடப் பெரிய படி. ஆயினும் இருவழி என்பது ஆபத்துக் குரலோடு முடிந்துவிடக் கூடாது. கடல் வெப்பநிலையையும் பாசியின் பச்சையத்தையும் கோள்வழி அளந்து மீன் இருக்கும் இடத்தைக் கணிக்கும் விஞ்ஞானிக்கு, அன்று அந்த இடத்தில் உண்மையில் என்ன கிடைத்தது, நீர் எப்படி ஓடியது என்று சொல்லக்கூடியவர் படகில் இருப்பவர் மட்டுமே. பக்கத்து மாவட்டமான திருவனந்தபுரத்தின் கரையில் 'ரேடியோ மான்சூன்' என்ற முயற்சி மீனவர்களையும் வானிலை ஆய்வாளர்களையும் ஒரே பேச்சில் உட்கார வைத்தது. இரண்டு அறிவும் ஒன்றையொன்று திருத்திக்கொள்ள முடியும் என்பதற்கு அத்தகைய முயற்சிகளே சான்று.

மூன்றாவது மறுப்பு தத்துவத்திலிருந்து வருகிறது. ஆண்டி கிளார்க்கும் டேவிட் சால்மர்ஸும் 1998இல் எழுதிய கட்டுரையில், மனம் மண்டையோட்டுக்குள் முடிந்துவிடுவதில்லை என்றார்கள். நினைவிழந்த ஒருவர் எப்போதும் கூடவே வைத்துக்கொண்டு நம்பிப் பயன்படுத்தும் குறிப்பேடு அவர் மனத்தின் பகுதியே என்பது அவர்கள் வாதம். அப்படியானால் ஜிபிஎஸ்ஸும் கடலோடியின் மனத்தின் பகுதிதானே, அதில் அந்நியம் எங்கே? இந்த வாதத்தை ஒரு பாதியளவு ஏற்கலாம். கணியம் பார்த்தவரின் மனமும் மலைவரை நீண்டிருந்ததுதான். ஆனால் அந்தக் குறிப்பேட்டில் இருந்தது அவரே எழுதிய கையெழுத்து. அதை யாரும் தொலைவிலிருந்து மங்கச் செய்ய முடியாது. 2000வரை லட்சக்கணக்கானோரின் இட அறிவில் ஒரு நாட்டின் ராணுவம் பிழை கலந்து வைத்திருந்தது. மனத்தின் ஒரு பகுதி இன்னொருவர் விசையில் இருந்தால், மனம் நீண்டிருக்கிறது என்பது உண்மையாக இருக்கலாம்; அது முழுவதும் நம்முடையது என்று மட்டும் சொல்ல முடியாது. அமெரிக்கக் கடற்படைக் கழகமே 1990களின் இறுதியில் கைவிட்ட விண்மீன்வழி கடலோட்டப் பாடத்தை 2015இல் திரும்பக் கொண்டுவந்தது. செயற்கைக்கோள்களை ஏவிய நாடே அவற்றை மட்டும் நம்பி இருக்கக் கூடாது என்று தன் மாலுமிகளுக்குக் கற்பிக்கிறது.

நான்காவது மறுப்பை மிகுந்த கவனத்தோடு எதிர்கொள்ள வேண்டும். கடலோடி என்ற அடையாளம் ஒருவர் தேர்ந்தெடுத்தது அன்று, பிறப்பால் சுமத்தப்பட்டது. முக்குவர் என்றும் பரவர் என்றும் ஒதுக்கிவைத்த சமூகம், கடலுக்குப் போவதைத் தவிர வேறு வழியை அவர்களுக்கு எளிதில் விடவில்லை. இன்று அந்த ஊர்களின் பிள்ளைகள் பொறியாளராகிறார்கள், செவிலியராகிறார்கள், வளைகுடாவுக்குப் போகிறார்கள். பழைய அறிவு அழிவதைக் கண்டு கலங்குவது, அவர்கள் அங்கேயே இருக்க வேண்டும் என்ற ஆசையின் இன்னொரு வடிவம் ஆகாதா? கரைக்கு அப்பாலிருந்து எழுதும் எவரும் இந்தக் கேள்வியைத் தம்மிடம் கேட்டுக்கொள்ளத்தான் வேண்டும். என் பதில் இது: ஒரு திறனை விட்டு விலகும் உரிமையும், அந்தத் திறன் அறிவு என மதிக்கப்படும் உரிமையும் ஒன்றுக்கொன்று பகை அல்ல. மருத்துவரின் மகன் மருத்துவராக வேண்டியதில்லை. அதனால் மருத்துவம் அறிவில்லை என்று ஆகிவிடாது. கடலறிவுக்கு நடந்தது வேறு. அது அறிவாகப் பதிவு செய்யப்படுமுன்பே பயனற்றதாக அறிவிக்கப்பட்டது. பள்ளம் ஊரைச் சேர்ந்த விலங்கியல் பேராசிரியர் வறீதையா கான்ஸ்தந்தினும் அவரைப் போன்றவர்களும் கடற்கரையின் வாழ்வையும் அறிவையும் எழுதத் தொடங்கிய பிறகே நெய்தலின் குரல் தமிழ் அச்சில் அதன் சொந்த மொழியில் கேட்கத் தொடங்கியது. படித்துக் கரையேறியவர்களே திரும்பி வந்து கடலின் அறிவை எழுதினார்கள் என்பது, விடுதலையும் அடையாளமும் ஒன்றாக இருக்க முடியும் என்பதற்கு நல்ல சான்று.

இழந்ததை மீட்க முடியுமா என்றால், பசிபிக் கடலில் மீட்டிருக்கிறார்கள். ஹவாயியில் வழக்கொழிந்துபோன விண்மீன்வழி கடலோட்டத்தை, மைக்ரோனீசியாவின் சத்தவால் தீவைச் சேர்ந்த மாவு பியாய்லுக் என்ற மாலுமியைக் கொண்டு 1976இல் மீண்டும் நிகழ்த்தினார்கள். ஹோக்குலேயா என்ற இரட்டைத் தோணி எந்தக் கருவியும் இல்லாமல் தாஹித்தி போய்ச் சேர்ந்தது. 1980இல் நைனோவா தாம்சன் என்ற ஹவாயிக்காரரே அப்பயணத்தை நடத்தினார். அங்கே யாரும் விமானத்தையோ ஜிபிஎஸ்ஸையோ துறக்கவில்லை. தங்கள் முன்னோர் தற்செயலாக மிதந்து வந்தவர்கள் என்ற பொய்யைத் துறந்தார்கள். குமரியில் செய்ய வேண்டியதும் செய்யக்கூடியதுதான். பார்களின் பெயர்களையும் கணியங்களையும் அவற்றைச் சொன்ன ஊரின் ஒப்புதலோடு, அந்த ஊரின் உரிமையாகப் பதிய வேண்டும். மீனவப் பிள்ளைகளுக்கு வடிவியல் சொல்லித்தரும் பள்ளியில் கோபுரமும் மலையும் கொண்ட கணக்கு இடம்பெற வேண்டும். படகிலிருந்து வரும் கடல் தகவலைச் சேகரிக்கும் நிறுவனம், தந்தவர்களின் பங்களிப்பை ஒப்புக்கொண்டு, அதனால் கணிப்பு எப்படி மேம்பட்டது என்று அவர்களுக்கே திருப்பிச் சொல்ல வேண்டும்.

இதற்குத் தடையாக இருப்பது தொலைவு அன்று. குமரிக் கடலிலிருந்து தெளிந்த நாளில் தெரியும் மலைத்தொடரில் 1,600 மீட்டருக்கு மேல் உயர்ந்து நிற்கிறது மகேந்திரகிரி. அதன் அடிவாரத்தில் இஸ்ரோவின் உந்துவிசை வளாகத்தில் விகாஸ் எஞ்சின்கள் சோதிக்கப்படுகின்றன. அந்த எஞ்சினை இரண்டாம் அடுக்கில் கொண்ட பிஎஸ்எல்வி ராக்கெட்டுகளே, இந்தியாவின் சொந்த இடங்காட்டி அமைப்பான நாவிக்கின் முதல் தலைமுறைச் செயற்கைக்கோள்களை விண்ணுக்குக் கொண்டுபோயின. அதாவது, கடலோடி தன் இடத்தை அறியப் பார்த்த மலைவரிசையின் அடியிலேயே, அவன் இடத்தை வானிலிருந்து சொல்லும் அறிவியலின் ஒரு பகுதியும் உருவாகிறது. இரண்டு அறிவுகளையும் பிரிப்பது சில பத்து கிலோமீட்டரும், எந்த அறிவை அறிவென்று எண்ணுகிறோம் என்ற நம் பழக்கமும். கிலோமீட்டரைக் கடப்பது எளிது. பழக்கத்தைக் கடக்கக் கல்வித்துறையும் அறிவியல் நிறுவனங்களும் மனம் வைக்க வேண்டும்.

கடலோடிக்கு நேர்ந்தது நாளை எல்லாருக்கும் நேரப்போகிறது என்பதால்தான் இதை இவ்வளவு விரிவாகப் பார்க்க வேண்டியிருந்தது. ஊடுகதிர்ப் படத்தைப் படிக்கும் மருத்துவர், கட்டுரை எழுதும் மாணவர், பூச்சி மருந்தின் அளவைத் தீர்மானிக்கும் உழவர் ஆகிய ஒவ்வொருவரின் தீர்மானமும் இப்போது ஒரு திரையை நோக்கி நகர்கிறது. அந்தத் திரைக்குப் பின்னாலுள்ள செயற்கை நுண்ணறிவு, எண்ணற்ற மனிதர்கள் எழுதியதையும் பேசியதையும் வரைந்ததையும் உண்டு வளர்ந்தது. தந்தவர்கள் பெயர் அதில் இல்லை. திருத்தும் வழியும் பெரும்பாலோருக்கு இல்லை. அதை மறுத்து ஒதுங்குவது தீர்வாகாது. ஆழ்கடலுக்குப் போகிறவர் ஜிபிஎஸ்ஸை மறுக்க முடியாததைப் போலவே நாமும் இதை மறுக்க முடியாது. ஆனால் அந்த மூன்று கேள்விகளையும் விடாமல் கேட்க முடியும்: விடை வந்த வழி எனக்குத் தெரியுமா, அதை நான் ஒத்துப்பார்க்க முடியுமா, நான் அறிந்தது அதற்குள் போகுமா. இவற்றைக் கேட்கும் உரிமையைச் சட்டமும் கல்வியும் காப்பாற்றித் தந்தால், எவ்வளவு நுட்பமான இயந்திரத்தின் முன்னும் மனிதர் அறிவுடையவராக நிற்பார். தராவிட்டால், இருக்கும் இடத்தைக் கருவி துல்லியமாகச் சொல்லும். அந்த இடத்தில் யாராக இருக்கிறோம் என்பதையும் வேறொருவரே தீர்மானிப்பார். இந்த வேறுபாடு எந்த ஆய்வகத்திலும் முடிவாவதில்லை. அதை முடிவுசெய்ய வேண்டியவர்கள் குடிமக்களாகிய நாமே.